பாடும் பெரும்பிராணிகள்: கரையே இல்லாத கடலில் ஒரு பாட்டு எவ்வளவு தூரம் போகும்?

#1 அலைவாய் · வெள்ளி, இரவு 9:14

வணக்கம் மக்களே. ஒன்றரை வருடமாக ஒரு கதையை உருட்டிக்கொண்டிருக்கிறேன். உலகத்தின் பெயர் பரவை. பூமி அளவு, பூமியின் ஈர்ப்பு, ஆனால் துளி நிலம் கிடையாது. மக்கள் மிதக்கும் ஊர்களில் வாழ்கிறார்கள். துருவங்களில் பனி, நடுவில் வெதுவெதுப்பு. ஆழம் இன்னும் முடிவு செய்யவில்லை, 200 கிலோமீட்டர் என்று போட்டு வைத்திருக்கிறேன்.

அந்தக் கடலில் 1 கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரு பிராணி. "இசைத்திமிங்கிலம்" என்று பெயர். கடலின் அடியில் இருந்துகொண்டு பாடும். அதன் பாட்டு உலகம் முழுக்கக் கேட்கும். ஊர்கள் அந்தப் பாட்டை வைத்துத்தான் திசை பார்க்கும், நாள் குறிக்கும், சண்டை போடும்.

முதல் நான்கு அத்தியாயத்தைத் தங்கையிடம் கொடுத்தேன். "அண்ணா, அடியில இருக்கிறது பாடினா மேல இருக்கிறவனுக்கு எப்படிக் கேக்கும்? அதுவும் உலகம் பூரா?" என்று ஒரே கேள்வியில் ஆளைச் சாய்த்துவிட்டாள். மந்திரம் என்று சொல்லித் தப்பிக்க மனசில்லை. கொஞ்சம் உதவுங்கள்.

#2 சும்மா வந்தேன் · வெள்ளி, இரவு 9:31

இசைத்திமிங்கிலமா? அரசாங்கக் கலைச்சொல் கமிட்டி உட்கார்ந்து வைத்த பெயர் மாதிரி இருக்கு பாஸ். முதல்ல பேரை மாத்துங்க, மத்ததெல்லாம் அப்புறம்.

#3 இயற்பியல் வாத்தி · வெள்ளி, இரவு 10:02

உங்கள் தங்கைக்கு என் வாழ்த்துகள். சரியான இடத்தில் கை வைத்திருக்கிறார். ஆனால் பதில் அவர் நினைப்பதைவிட உங்களுக்குச் சாதகமானது.

காற்றில் ஒலி நொடிக்கு 340 மீட்டர் போகும். கடல் நீரில் சுமார் 1500. வேகம் ஒரு பக்கம் இருக்கட்டும், முக்கியம் வேறு. ஆழம் போகப் போக நீர் குளிர்கிறது, குளிர்ந்தால் ஒலியின் வேகம் குறையும். அதே சமயம் அழுத்தம் ஏறுகிறது, ஏறினால் வேகம் கூடும். இந்த இரண்டும் இழுபறி போட்டு, ஓர் ஆழத்தில் வேகம் மிகக் குறைவாக வந்து நிற்கும். நம் கடல்களில் மித வெப்பப் பகுதிகளில் அது சுமார் 1000 மீட்டர். ஒலிக்கு ஒரு பழக்கம் உண்டு: எங்கே வேகம் குறைவோ அந்தப் பக்கமாகவே வளையும். மேலே போக முயன்றால் கீழே வளைகிறது, கீழே போனால் மேலே. ஓட்டு வீட்டில் இரண்டு கூரையும் சேரும் இடத்துப் பீலியில் மழைத்தண்ணீர் ஓடுகிறதே, அப்படி. இரண்டு பக்கமும் சரிவு, நடுவில் ஓட்டம். தரையிலும் மோதாது, மேற்பரப்பிலும் மோதாது, அதனால் தேயாது.

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் மாரிஸ் யூயிங் என்ற அமெரிக்கர் இதைக் கண்டறிந்தார். சோவியத்தில் பிரெக்கோவ்ஸ்கிக் தனியாகக் கண்டறிந்தார். கடலில் விழுந்த விமானி ஒரு சின்ன வெடியை ஆழத்தில் வெடிக்கவைத்தால், கரையில் இருப்பவர்கள் அவன் எங்கே இருக்கிறான் என்று கணக்கிடலாம் என்பதுதான் அன்றைய யோசனை. சோஃபார் தடம் என்பார்கள்.

உலகம் முழுக்கக் கேட்குமா? 1960இல் ஆஸ்திரேலியாவின் பெர்த் அருகே கடலில் வெடி வைத்தார்கள். பெர்முடாவில் கேட்டது. ஏறக்குறைய பூமியின் மறுபக்கம், 20,000 கிலோமீட்டர். போய்ச் சேர 3 மணி 40 நிமிடத்துக்குச் சற்றே மேல். 1991இல் வால்டர் மங்க் குழுவினர் தெற்கு இந்தியப் பெருங்கடலில் ஹேர்டு தீவுப் பக்கம் நீருக்கடி ஒலிபெருக்கியை இறக்கி ஒலித்தபோது அமெரிக்காவின் இரண்டு கரைகளிலும் பதிவானது.

இத்தனைக்கும் நம் கடலில் கண்டங்கள் குறுக்கே நிற்கின்றன. உங்கள் பரவையில் குறுக்கே நிற்க ஒன்றுமே இல்லை.

#4 அலைவாய் · வெள்ளி, இரவு 10:10

சார்!!! அப்போ என் கதை சரியா?

#5 இயற்பியல் வாத்தி · வெள்ளி, இரவு 10:19

பாட்டு சரி. பாடகர் சரியில்லை. மீதி நாளைக்கு, வீட்டில் விளக்கை அணைக்கச் சொல்கிறார்கள்.

#6 ஓங்கல் · சனி, காலை 6:40

வாத்தி சார் தூங்கட்டும், பாடகரை நான் பாத்துக்கிடுதேன். குளச்சல் பக்கம். அப்பா வள்ளத்துல போனவர், நான் கடலுயிரியல் படிச்சிட்டு இப்ப வேற வேலை பாக்கேன்.

"அடியில் இருந்து பாடும்"னு போட்டிருக்கீங்களே, அதுதான் இடிக்குது. திமிங்கிலம் பாடுறது மூச்சுக் காத்தை வச்சு. பலீன் திமிங்கிலத்தோட (பல்லுக்குப் பதிலா வாயில சல்லடை மாதிரி தகடு உள்ள இனம், நீலத்திமிங்கிலம் மாதிரி) குரல்வளை எப்படி வேலை செய்யுதுன்னு 2024லதான் தெளிவா ஒரு ஆய்வு வந்துச்சு. யு வடிவத்துல ஒரு கெட்டியான அமைப்பு, அது ஒரு கொழுப்பு மெத்தையில போய் அழுந்தும். நடுவுல காத்து போகையில அது அதிரும். காத்தை வெளிய விடாது, உள்ளுக்குள்ளயே சுத்த விட்டுத் திரும்பத் திரும்பப் பயன்படுத்தும். ஆனா பத்து மீட்டர் இறங்கினா ஒரு வளிமண்டல அழுத்தம் கூடுது. 100 மீட்டர்ல நெஞ்சுல இருக்கிற காத்து பதினொண்ணுல ஒரு பங்கா சுருங்கிரும். சுமார் 100 மீட்டருக்குக் கீழ இந்த முறையில பாட முடியாதுன்னுதான் அந்த ஆய்வே சொல்லுது. 1000 மீட்டர் தடத்துக்கு அது எங்க போக?

வேற வழி உண்டு. எங்க ஊர்ல கத்தாளை மீன் தெரியும்லா? வலையில ஏறி வள்ளத்துக்குள்ள விழுந்ததும் "க்ரூக் க்ரூக்"னு சத்தம் போடும். சின்னதுல அப்பா என் கையைப் பிடிச்சு அதோட வயித்துல வச்சாரு. விரல்ல செல்போன் அதிர்வு மாதிரி ஒரு நடுக்கம். (அப்ப செல்போன் கிடையாது, இப்ப சொல்றேன்.) "கத்துது, அதான் கத்தாளை"ம்பாரு, அது அவரோட சொந்த ஆராய்ச்சி. விஷயம் என்னன்னா அது தொண்டையில இருந்து வர்ற சத்தம் இல்ல. வயித்துல காத்துப் பை இருக்கு, நாங்க நெட்டிம்போம். அதுக்குப் பக்கத்துல இருக்கிற தசை அதை மேளம் மாதிரி அடிக்கும். கூறல் மீனோட நெட்டி ஏலத்துல என்ன விலைக்குப் போவும்னு கேட்டா நீங்க கதை எழுதுறதை விட்டுட்டு வலை போட வந்துருவீங்க.

ஆழ்கடல் மீன்லயும் நெட்டி உள்ளது உண்டு. ரத்தத்துல இருந்தே வாயுவை உள்ள தள்ளி அழுத்தத்தைச் சமாளிக்கும். அதனால உங்க பிராணியை மீனாக்குனா ஆழத்துல இருந்தே பாட வைக்கலாம்.

#7 இயற்பியல் வாத்தி · சனி, காலை 8:25

ஓங்கல் தம்பி சொன்னது ஒரு வழி. ஆனால் மீனாக்கினால் கதையில் ஒரு பெரிய நஷ்டம். மூச்சு விட மேலே வராத பிராணியை உங்கள் மிதக்கும் ஊர் மக்கள் பார்க்கவே மாட்டார்கள். பாட்டு மட்டும் கேட்கும், முதுகு தெரியாது.

மூச்சு விடும் பிராணியாகவே வைத்துக்கொண்டு வேறொரு கதவைத் திறக்கலாம். அந்தத் தடம் எல்லா இடத்திலும் 1000 மீட்டரில் இல்லை. வெதுவெதுப்பான மேல்நீர் எவ்வளவு தடிமனோ அந்த அளவுக்குத் தடம் கீழே இருக்கும். துருவத்தை நோக்கிப் போகப் போக மேல்நீரே குளிர்ந்துவிடுகிறது, தடம் மேலேறி, கடைசியில் மேற்பரப்புக்கே வந்துவிடும். அங்கே 20 மீட்டர் ஆழத்தில் பாடினாலும் போதும், பாட்டு தடத்தில் ஏறிவிடும். பிறகு வெப்பப் பகுதிக்கு வரும்போது அதுவாகவே ஆழத்துக்கு இறங்கி ஓடும்.

ஆக உங்கள் பிராணி நினைத்த இடத்தில் பாட முடியாது. பாடவேண்டும் என்றால் குளிர்கடலுக்கு யாத்திரை போகவேண்டும். ரொம்பவும் பனிக்கு அடியில் போகக்கூடாது. பனியின் அடிப்பாகம் கரடுமுரடு, ஒலியைச் சிதறடித்துவிடும். பனி விளிம்புக்கு வெளியே ஒரு பட்டை. அதுதான் மேடை.

#8 அலைவாய் · சனி, காலை 8:41

இதைப் படித்துவிட்டு அலுவலக பஸ்ஸை விட்டுட்டேன். சனிக்கிழமையும் வேலை, அது தனிக் கதை.

யாத்திரை!! நான்கு அத்தியாயத்தையும் கிழித்துப் போடலாம் போல இருக்கிறது.

#9 சும்மா வந்தேன் · சனி, காலை 9:05

சபரிமலை சீசன் மாதிரி. இருமுடி கட்டிட்டுப் போயிருமா?

#10 நள்ளிரவு வாசகி · சனி, மதியம் 1:17

அளவைப் பற்றி யாரும் பேசவில்லையே. 1 கிலோமீட்டர் எதற்கு? பெரிதாக இருந்தால் பிரமிப்பு வரும் என்று நினைக்கிறீர்களா? நீலத்திமிங்கிலம் அதிகபட்சம் 30 மீட்டர் சுமார். அதன் இதயம் ஆழத்தில் இருக்கும்போது நிமிடத்துக்கு இரண்டு முறை மட்டுமே துடித்ததை 2019இல் அளந்தார்கள். நிமிடத்துக்கு இரண்டு. இதைப் படித்த அன்று என் கைநாடியைப் பிடித்துக்கொண்டு முப்பது நொடி அமைதியாக இருந்து பார்த்தேன், அடுத்த துடிப்புக்காகக் காத்திருக்கிற மாதிரி. உங்கள் 1 கிலோமீட்டர் என்னை அப்படி எதுவும் செய்யவில்லை.

#11 ஓங்கல் · சனி, மதியம் 2:30

அக்கா சொல்றது சரி. உயிரியலும் அதையே சொல்லுது. எடையைத் தண்ணி தாங்கிக்கிடும், ஆனா சோறு வேணுமே. நீலத்திமிங்கிலம் சீசன்ல ஒரு நாளைக்கு 16 டன் வரைக்கும் கூனிப்பொடி மாதிரி கிரில் திங்குது. உடம்பு பெருத்தா வாயும் பெருக்கும், ஆனா அந்த வாயைத் திறந்து ஒரு ஏரியை அள்ளி மூடுறதுக்குள்ள மூச்சு தீர்ந்துரும்.

1 கிலோமீட்டர் வேணும்னு அடம் பிடிச்சா, ஒத்தை உயிரா வைக்காம கூட்டுயிரா வைங்க. 2020ல மேற்கு ஆஸ்திரேலியா ஆழ்கடல்ல ஒரு சைஃபனோஃபோரைப் பாத்தாங்க. கயிறு மாதிரி சுருள் சுருளா கிடந்துச்சு, வெளி வளையம் மட்டுமே 47 மீட்டர்னு மதிப்பு போட்டாங்க. ஆயிரக்கணக்கான சின்ன உயிர் ஒட்டிக்கிட்டு ஒண்ணா வாழுறது.

#12 இயற்பியல் வாத்தி · சனி, மாலை 5:48

கூட்டுயிர் என்றால் ஒரு வேடிக்கை உண்டு. 15 ஹெர்ட்ஸில் பாடினால் நீரில் ஓர் அலையின் நீளம் 100 மீட்டர். 30 மீட்டர் திமிங்கிலம் தன்னைவிட நீளமான அலையை எழுப்புகிறது, அதனால் பாட்டு எல்லாப் பக்கமும் பரவும், குறி வைக்க முடியாது. 1 கிலோமீட்டர் சரத்தில் ஆயிரம் பாடகர்கள் ஒரே தாளத்தில் பாடினால் பாட்டை டார்ச் லைட் மாதிரி ஒரு திசையில் அனுப்பலாம்.

ஆனால் வாசகி சொல்வதுதான் எனக்கும் படுகிறது. ஒற்றை உயிர், 40 மீட்டர், அதற்கு மேல் வேண்டாம். குறி வைக்கத் தெரியாமல் எல்லாருக்கும் பாடுவது நல்லது.

இன்னொன்று. 200 கிலோமீட்டர் ஆழத்தைக் கைவிடுங்கள். பூமியின் ஈர்ப்பில் சுமார் 60 கிலோமீட்டர் தாண்டினால் அழுத்தத்தாலேயே நீர் உறையத் தொடங்கும், சூடான பனி என்று வைத்துக்கொள்ளுங்கள். அது பாறையை மூடிவிட்டால் தாதுக்கள் நீரில் கலக்காது. இரும்பில்லாமல் பாசி இல்லை, பாசியில்லாமல் கிரில் இல்லை, பாடகருக்குப் பட்டினி. 10 கிலோமீட்டர் தாராளம்.

#13 ஓங்கல் · சனி, மாலை 6:02

நிலம் இல்லாததால காத்துல வர்ற புழுதி இரும்பும் கிடையாது சார். அடியில இருந்து மேல வரணும். திமிங்கிலம் ஆழத்துல தின்னுட்டு மேல வந்து கழிக்குது, அதுல இரும்பு இருக்கு, அதுல பாசி வளருது. பரவையில பாடகர் செத்தா கடலே வெறிச்சோடிப் போயிரும்.

#14 சும்மா வந்தேன் · சனி, மாலை 6:04

காவியத்தில் கழிவறை. அருமை.

#15 கல்லடிப்பாலம் · சனி, இரவு 8:50

தம்பிமாரே, வாசிச்சிட்டு சும்மா இருக்க ஏலாம வாறன். நான் மட்டக்களப்பு. எங்கட ஊருக்கே பாடும் மீன் நாடெண்டுதான் பேர். நீங்கள் கற்பனையில தேடுறது எங்கட வாவியில இருக்கு, அளவு மட்டும்தான் வித்தியாசம்.

கல்லடிப் பாலத்துக்குக் கிட்ட, பூரணை நாளில, காத்தில்லாத இரவு, தோணியில போய் துடுப்பைத் தண்ணிக்குள்ள விட்டு மற்ற நுனியைக் காதில வைச்சுக் கேக்கோணும். என்ர அப்பா காட்டித் தந்தவர். எனக்கு அப்ப பத்து வயசு. முதலில ஒண்டும் இல்ல, துடுப்பில தண்ணி தட்டுற சத்தம்தான். பிறகு மெல்ல, தூரத்தில ஆரோ தம்புராவை மீட்டிற மாதிரி. ஒண்டில்ல, கன சுரம். துடுப்பைக் காதில இருந்து எடுத்தா ஒண்டுமே இல்ல, வைச்சா இருக்கு. அதுதான் எனக்குப் பயமா இருந்தது.

1848இல எமர்சன் டெனன்ட் எண்ட வெள்ளைக்காரத் துரை, அப்ப இலங்கையில பெரிய உத்தியோகத்தில இருந்தவர், வந்து கேட்டு எழுதி வைச்சிருக்கிறார். கண்ணாடிக் கிண்ணத்தின்ர விளிம்பை ஈர விரலால தேய்ச்சா வாற ஓசை மாதிரி எண்டு. மீனவ ஆக்கள் அவருக்கு இது மீன் இல்ல, ஊரி எண்டு சொல்லியிருக்கினம். ஊரி எண்டா சங்கு சிப்பி இனம், நத்தை மாதிரி. மீனோ ஊரியோ எண்டு இண்டைக்கும் சண்டைதான்.

#16 அலைவாய் · சனி, இரவு 9:03

ஐயா, துடுப்பைக் காதில் வைத்துக் கேட்பது... இதை நான் கதையில் எடுத்துக்கொள்ளலாமா? என் மிதக்கும் ஊர்களில் பாட்டு கேட்க ஒரு பெரிய கோபுரம் வைத்திருந்தேன். இப்போது அது வெட்கமாக இருக்கிறது.

#17 கல்லடிப்பாலம் · சனி, இரவு 9:20

ஓம், எடுங்கோ. துடுப்பு எல்லாருக்கும் பொது. மரத்துக்குள்ளால சத்தம் நல்லா வரும், இரும்புக் கம்பியை விட மரம்தான் எனக்குப் பிடிக்கும்.

#18 இயற்பியல் வாத்தி · சனி, இரவு 9:44

அருமை ஐயா. ஒரு சின்ன இடைஞ்சல் மட்டும் சொல்லிவிடுகிறேன். நீலத்திமிங்கிலம் பாடுவது பெரும்பாலும் மனிதக் காதின் எல்லைக்கு அருகில் அல்லது அதற்கும் கீழே. பதிவைப் பத்து மடங்கு வேகமாக ஓட்டித்தான் நமக்குக் கேட்க வைக்கிறார்கள். பரவையின் பாடகர் அந்த அளவு தாழ்வாகப் பாடினால் துடுப்பு காதுக்குத் தராது, தாடை எலும்புக்குத்தான் தரும். உணர்வார்கள், கேட்கமாட்டார்கள்.

தாழ்வாகப் பாடுவதில்தான் லாபம் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கடல் நீரில் கரைந்திருக்கும் மக்னீசியம் சல்பேட்டும் போரிக் அமிலமும் உயர்ந்த சுருதியைக் குடித்துவிடும். 20 ஹெர்ட்ஸை அவற்றால் ஒன்றும் செய்யமுடியாது. பரவையின் உப்பு எதுவென்று நீங்கள் தீர்மானித்தால் எந்தச் சுருதி எவ்வளவு தூரம் போகும் என்பதும் தீர்மானமாகிவிடும்.

#19 சும்மா வந்தேன் · சனி, இரவு 9:50

உப்பு கூடினா சுதி போயிரும். எங்க வீட்டு ரசம் மாதிரியே.

#20 நள்ளிரவு வாசகி · ஞாயிறு, அதிகாலை 12:35

அலைவாய், நிறுத்தி நிதானமாக ஒன்று கேட்கிறேன். உலகம் முழுக்கப் பாட்டு போகும் என்றால், சுற்றிக்கொண்டு பாடியவரிடமே திரும்பி வராதா?

#21 இயற்பியல் வாத்தி · ஞாயிறு, காலை 5:55

வரும். எனக்கு ஏன் இது முதலில் தோன்றவில்லை!

சுற்றளவு 40,000 கிலோமீட்டர், நொடிக்கு ஒன்றரை கிலோமீட்டர். 7 மணி 24 நிமிடம். கல்லை எறிந்தால் குளத்தில் வளையம் விரிகிறதே, உருண்டையான உலகில் அது பாதித் தூரம் வரை விரிந்து, பிறகு சுருங்க ஆரம்பிக்கும். நேர் மறுபக்கத்தில் 3 மணி 42 நிமிடத்தில் எல்லாத் திசையிலிருந்தும் வந்து ஒன்றுசேரும். அங்கே பாட்டு மறுபடி பலமாகக் கேட்கும். பிறகு மீண்டும் விரிந்து, பாடிய இடத்துக்கே வந்து கூடும். 1960 வெடியைப் பெர்முடாவில் கேட்க முடிந்ததில் இந்தக் கூடுதலுக்கும் பங்குண்டு.

ஆனால் ஊசி முனை மாதிரிக் கூடாது. வெப்பம், நீரோட்டம், துருவங்களில் உலகம் லேசாகத் தட்டையாக இருப்பது எல்லாம் சேர்ந்து கலைத்துவிடும். பல பத்து கிலோமீட்டர் அகலத்துக்கு ஒரு "கூடுமிடம்" என்று வைத்துக்கொள்ளுங்கள். பாட்டு தெளிவாக இருக்காது, எதிரொலி எதிரொலியாக இழுபடும்.

#22 நள்ளிரவு வாசகி · ஞாயிறு, காலை 10:12

அப்படியென்றால் திரும்பி வரும் பாட்டு, பாடகர் *பாடிய இடத்துக்கு* வருகிறது. பாடகர் *இருக்கும் இடத்துக்கு* இல்லை. பாடிவிட்டு அது நீந்திப் போய்விட்டால் தன் குரலைத் தானே தவறவிடும்.

கூனல்முதுகுத் திமிங்கிலத்தின் ஆண் பாடும்போது தலைகீழாக, அசையாமல் தொங்கிக்கொண்டிருக்கும் என்று படித்திருக்கிறேன். பரவையின் பாடகரும் பாடிய பிறகு அசையாமல் தொங்கட்டும், 7 மணி 24 நிமிடம். மூச்சுக்கு மேலே வருவது, இறங்குவது, அதே இடம்.

#23 ஓங்கல் · ஞாயிறு, காலை 10:40

ஐயோ. வேட்டைக்காரனுக்கு இது போதுமே அக்கா. பாட்டு கேட்டா போதும், இன்னும் ஏழு மணி நேரத்துக்கு அது அங்கதான் நிக்கும்.

#24 அலைவாய் · ஞாயிறு, காலை 10:52

யாரும் ஐந்து நிமிடம் எதுவும் எழுதாதீர்கள். கை நடுங்குகிறது.

#25 சும்மா வந்தேன் · ஞாயிறு, காலை 10:53

ஏழு மணி நேரக் கச்சேரி. நம்ம ஊர்ல மூணு மணி நேரத்துக்கே தனி ஆவர்த்தனத்துல பாதிப் பேர் காபிக்கு எந்திரிச்சுப் போயிருவான்.

#26 ஓங்கல் · ஞாயிறு, காலை 11:30

அவர் எழுதட்டும், நான் ஒண்ணு சொல்லிட்டுப் போறேன். பாட்டு மாறும்ங்கிறதை மறந்துராதீங்க. கூனல்முதுகுத் திமிங்கிலம் ஒரு கூட்டத்துல எல்லா ஆணும் கிட்டத்தட்ட ஒரே பாட்டைப் பாடும், ஆனா வருஷத்துக்கு வருஷம் மாத்திக்கிட்டே இருக்கும். கிழக்கு ஆஸ்திரேலியாவுல பிறந்த பாட்டு பசிபிக்ல தீவு தீவாக் கிழக்க நகர்ந்து பிரெஞ்சு பாலினீசியா வரைக்கும் போனதை 2011ல ஒரு ஆய்வு காட்டுச்சு. புதுப்பாட்டு வந்ததும் பழசை விட்டுருமாம்.

பரவையில கரை இல்லை, கூட்டம் கூட்டமாப் பட்டை முழுக்க நிக்கும். ஒரு பாட்டு கிழக்க கிழக்க நகர்ந்து உலகத்தைச் சுத்தித் தொடங்குன கூட்டத்துக்கே திரும்ப வரும்போது எவ்வளவு மாறியிருக்கும்னு யோசிச்சுப் பாருங்க. தாத்தா பாடுனதையே பேரன் அந்நியன் பாட்டுன்னு கத்துக்கிடுவான்.

இன்னொண்ணு, கல்லடி ஐயாவுக்காக. 2021ல இந்தியப் பெருங்கடல்ல அதுவரைக்கும் தெரியாத ஒரு நீலத்திமிங்கிலக் கூட்டத்தைப் பாட்டை வச்சே அடையாளம் கண்டாங்க. எதுல கேட்டாங்க தெரியுமா? அணுகுண்டு சோதனையைக் கண்காணிக்கக் கடல்ல போட்டிருக்கிற ஒலிவாங்கியில. சாகோஸ் தீவுப் பக்கம். அந்தப் பாட்டு உங்க திருகோணமலைக் கடல்லயும் பதிவாகியிருக்கு. அத்தனை பெரிய உடம்பு, வருஷக்கணக்காப் பாடியிருக்கு, கண்ணால கண்டு யாரும் தனியாப் பிரிச்சுச் சொல்லலை.

#27 கல்லடிப்பாலம் · ஞாயிறு, மாலை 4:15

திருகோணமலையிலயா! பாருங்கோ, வாவியில ஊரியைக் காதில வைச்சுக் கேட்டுக்கொண்டிருந்தம், பின்னால கடலில இது நடந்திருக்கு.

#28 அலைவாய் · ஞாயிறு, இரவு 11:48

மன்னிக்கவும், நாள் முழுக்க எழுதினேன். முழுதாகப் போட மனமில்லை, ஒரு துண்டு மட்டும்:

*"பாட்டு நின்றதும் அப்பா துடுப்பை எடுக்கவில்லை. தாடையில் அழுத்தியபடியே இருந்தார். 'ஈட்டியை எடு' என்றார் மாமா. 'இன்னும் நேரம் இருக்கு' என்றார் அப்பா. முதுகு மேலே வந்தது, மூச்சு விட்டது, இறங்கியது. அதே இடம். மறுபடி வந்தது. அதே இடம். எங்களைப் பார்த்தது, நகரவில்லை. ஐந்தாவது மணியில் மாமா பொறுமை இழந்தார்.*

*இரத்தம் கலைந்து நீர் தெளிந்த பிறகும் அப்பா படகைத் திருப்பவில்லை. இரண்டு மணி நேரம் கழித்துத் துடுப்பை என்னிடம் நீட்டினார். தாடையில் வைத்தேன். எல்லாத் திசையிலிருந்தும் அது வந்துகொண்டிருந்தது."*

#29 நள்ளிரவு வாசகி · திங்கள், அதிகாலை 12:20

"எங்களைப் பார்த்தது, நகரவில்லை" என்பதை வெட்டுங்கள். "அதே இடம்" இரண்டு முறை சொல்லிவிட்டீர்கள், போதும்.

மற்றதைத் தொடவேண்டாம். நான் கொஞ்ச நேரம் விளக்கைப் போடாமல் உட்கார்ந்திருந்தேன்.

#30 இயற்பியல் வாத்தி · திங்கள், காலை 6:10

ஐந்தும் இரண்டும் ஏழு, மீதி 24 நிமிடம் இரத்தம் கலைவதற்கு. கணக்கு சரி.

ஒரு யோசனை, வேண்டுமானால் எடுத்துக்கொள்ளுங்கள். பின்னால் உங்கள் ஊர்கள் இயந்திரப் படகுக்கு மாறினால் இந்தக் காட்சியே நடக்காது. இரைச்சல் பாட்டை மூடிவிடும். 2001 செப்டம்பர் தாக்குதலுக்குப் பிறகு சில நாள் கப்பல் போக்குவரத்து குறைந்தபோது கனடாவின் ஃபண்டி விரிகுடாவில் கடல் அமைதியானது. அங்கே ரைட் திமிங்கிலங்களின் சாணத்தில் மன அழுத்த ஹார்மோன் குறைந்திருந்ததைப் பின்னர் கண்டறிந்தார்கள். அவை இரைச்சலில்தான் வாழ்ந்துகொண்டிருந்தன என்பதே அது நின்றபோதுதான் தெரிந்தது.

#31 சும்மா வந்தேன் · திங்கள், காலை 9:30

நல்லா இருக்கு பாஸ். கிண்டல் இல்லை, நிஜமா. ஆனா பேர்? இன்னும் இசைத்திமிங்கிலம்தானா? திமிங்கிலம்னாலே "திமியை விழுங்குவது"ன்னு வடமொழில அர்த்தம், அதையும் விழுங்குறது திமிங்கிலகிலமாம். அதை வச்சுக்கலாமே, கம்பீரமா இருக்கும்.

#32 அலைவாய் · திங்கள், மதியம் 1:05

பெயர் வைத்தாயிற்று. ஊரி.

#33 சும்மா வந்தேன் · திங்கள், மதியம் 1:06

நாற்பது மீட்டர் மிருகத்துக்கு நத்தைப் பேரா?!

#34 அலைவாய் · திங்கள், மதியம் 1:08

ஆமாம். பரவையின் முதல் மக்கள் அதைப் பார்த்ததில்லை, துடுப்பில் கேட்டது மட்டும்தான். ஏதோ சின்னதாக, படகுக்கு அடியிலேயே இருக்கிறது என்று நினைத்துப் பெயர் வைத்துவிட்டார்கள். பிறகு ஒருநாள் முதுகு மேலே வந்தது. பெயரை மாற்ற யாருக்கும் தோன்றவில்லை.

கல்லடி ஐயா, ஆட்சேபம் உண்டா?

#35 கல்லடிப்பாலம் · வியாழன், இரவு 11:58

தம்பி, பிந்திப் பதில் போடுறன், குறை நினைக்காதேங்கோ. இண்டைக்குப் பூரணை. உங்கட கதையால மனசு கேக்கல்ல, மருமகனைக் கூட்டிக்கொண்டு தோணியில போனன். முப்பது வருசத்துக்குப் பிறகு. முழங்காலுக்குத்தான் பெரும்பாடு.

பாலத்தில வாகனம் ஓயாது. ஒவ்வொரு லொறி போகேக்கயும் துடுப்புக்குள்ள இரைச்சல். ஒரு மணித்தியாலம் இருந்தம். மருமகன் போனில கணக்குப் பாத்துக்கொண்டிருந்தான். பதினொண்டரைக்கு ஒரு இடைவெளி வந்தது, வாகனம் இல்ல, காத்தும் இல்ல. அப்ப ஒருக்கா, ஒரே ஒருக்கா, "ம்ம்ம்" எண்டு. நான் மருமகனைக் கூப்பிட்டுத் துடுப்பைக் குடுத்தன். அவன் காதில வைச்சுக் கேட்டுப்போட்டு, "மாமா, இது உங்கட வயிறு" எண்டான்.

பேரை வையுங்கோ. ஆட்சேபம் இல்ல.